ஒரு செவந்தி

கதவை இழுத்துச் சாத்திட்டு வாங்க ஐயா. அடுப்பு எரியற இடத்துக்கு மூட்டம் வராதுதான், இருந்தாலும் சாத்திடுங்க. இப்படி உட்காருங்க. அவசரப்பட்டு ஒண்ணும் ஆகப்போறதில்லை. வெளியில மஞ்சள் நூல் ஒண்ணு கட்டியிருக்கேனே, பார்த்தீங்களா? முடிச்சு முடிச்சா இருக்கும். மூட்டம் பட்டா அந்த மஞ்சள் வெளுத்துப் போகும். இப்ப மூணே கால் முடிச்சு வெளுத்துக் கிடக்கு. மூணே கால் செவந்தி. இந்தக் கணவாய்க்குள்ள நீங்க இப்ப நடந்தீங்கன்னா, அந்தப் பக்கம் போய்ச் சேரும்போது உங்ககிட்ட மூணே கால் வருஷம் இருக்காது. கடைசியா நடந்தது முதல்ல போகும். அப்படியே பின்னால பின்னால போகும். ரெண்டு வயசுல உங்களுக்குப் பிள்ளை இருந்தா, இது யார் பிள்ளைன்னு கேட்பீங்க.

சிரிக்கிறீங்க. அப்படிக் கேட்டவங்க இருக்காங்க.

மூணு வேளையும் நூலைப் பார்த்து, அளவைச் சத்தம் போட்டுச் சொல்றதுதான் இந்தச் சாவடியில எனக்கு வேலை. எட்டு வருஷமாச்சு. யார் வேணும்னாலும் செய்யலாம் இதை. ஆனா அளவைக் கண்டுபிடிச்சவனே நான்தான்னு சொன்னா நம்புவீங்களா? என் பேரு ஆவுடையப்பன். நியாயமாப் பார்த்தா, நீங்க வாசல்ல வரும்போது மூணே கால் ஆவுடைன்னுதான் உங்க காதுல விழுந்திருக்கணும். அரை ஆவுடை, கால் ஆவுடை. சொல்லிப் பாருங்க, வாய்க்கு எவ்வளவு நல்லா வருது.

அது கிடக்கட்டும். கேக்கறீங்கன்னா சொல்றேன். மூட்டம் விலக இன்னும் நேரம் இருக்கு.

தூம்பூர் மருத்துவச் சாலையில நான் கலயக்காரனா இருந்தேன். ஐப்பசியில மூட்டம் இறங்கினதும் பாறை விளிம்புல கலயத்தைத் திறந்து வச்சு, நிறைஞ்சதும் மெழுகு வச்சு மூடறது என் பொறுப்பு. மனசு தாங்காதவங்க வருவாங்க. போர்க்களத்துல எதையோ பார்த்துட்டுத் தூக்கம் வராதவங்க, பிள்ளையைப் பறிகொடுத்தவங்க. சளி பிடிச்சா ஆவி பிடிப்போமே, அதே மாதிரி போர்வையைப் போர்த்திவிட்டுக் கலயத்தைத் திறந்து முகத்துக்கு நேரா வைப்போம். நாலு மூச்சு இழுத்தா அந்தத் துக்கம் போயிரும். நல்ல வைத்தியம்தான். ஆனா எவ்வளவு மூட்டம் போதும்னு ஒருத்தனுக்கும் தெரியாது. ஒரு தடவை, வில்லாளி ஒருத்தன் ஒரே ஒரு சண்டையை மறக்கணும்னு வந்தான். கலயம் கொஞ்சம் பெருசாப் போச்சு. போர்வையை எடுத்தா, அழுதுகிட்டே அவங்க அப்பாவைக் கூப்பிடறான். மீசை வச்ச ஆளு. வெளியில அவன் பெண்டாட்டி கைக்குழந்தையோட நிக்கிறா. அவளைப் பார்த்து, யாரு அக்கா நீங்கன்னு கேட்டான்.

அதுக்கப்புறம்தான் கோட்டையிலிருந்து உத்தரவு வந்தது. ஏழு மலைக்கும் மூட்டத்துக்கு ஒரே அளவு வேணும், சரியாக் கண்டுபிடிக்கிறவன் பேரை அந்த அளவுக்கே வைப்போம்னு.

நூல் வெளுக்கும்கிறது எனக்கு முன்னாடியே தெரியும். நூல் எவ்வளவு வெளுத்தா மனுசனுக்கு எவ்வளவு போகும்? அதுதான் தெரியாது. ஆளை வச்சுப் பார்த்தாத்தான் தெரியும். குன்னிமலையில சடையன்னு ஒருத்தன், சிறையில கிடந்த கைதிகளை வச்சுப் பார்த்தான். என்ன புத்தி பாருங்க. கைதிக்கு எல்லா வருஷமும் ஒரே வருஷம்தானே. எது போச்சு, எது இருக்குன்னு அவன் எப்படிச் சொல்லுவான்? நமக்கு வேண்டியது, வருஷம் வருஷமா ஏதாவது நடந்த ஒரு ஆளு. அது அத்தனையும் பக்கத்துல இருந்து பார்த்த இன்னொரு ஆளு, சரிபார்க்க.

எனக்கு யாரோட வருஷங்க தெரியும்? என் சம்சாரத்தோடதுதான் தெரியும். செவந்தி. பதினாறு வருஷம் ஒண்ணாக் குடும்பம் நடத்தியாச்சு.

பலவந்தம் பண்ணினேன்னு ஊர்ல சொல்லுவாங்க, நம்பாதீங்க. அவளே கேட்டா. அந்த வருஷம் அவ அம்மா செத்துப்போனாங்க. ஒருநாள் அடுப்படியில சுள்ளி ஒடிச்சுக்கிட்டே, இந்த ஒரு வருஷத்தை யாராவது எடுத்துட்டுப் போனாத் தேவலைன்னு சொன்னா. என் காதால கேட்டேன். அன்னைக்கு மத்தியானமே கலயம் கொண்டுவந்துட்டேன். கலயத்தைப் பார்த்ததும் கொஞ்சம் தயங்கினா. அம்மா செத்தது தெரியாமப் போனா அம்மாவைத் தேடுவேனேன்னா. அதெல்லாம் நான் பக்குவமா எடுத்துச் சொல்லிக்கறேன்னேன். போர்த்திக்கிட்டா.

போர்வையை எடுத்ததும் அவ கேட்ட முதல் கேள்வி, எங்கம்மாவுக்கு முழங்கால் வலி குறைஞ்சுதா, ஏதாவது சேதி உண்டாங்கறதுதான். சொன்னேன். சொல்லாம எப்படி? அன்னைக்குத்தான் செத்த மாதிரி விழுந்து அழுதா. அழட்டும்னு விட்டுட்டு நான் குறிப்பேட்டை எடுத்தேன். கேள்விகளை வரிசையா எழுதி வச்சிருந்தேன். அம்மா செத்தது, அதுக்கு முன்னாடி கூரை பறந்தது, அதுக்கும் முன்னாடி செவலை மாடு பள்ளத்துல விழுந்தது. முதல் கலயம் ஒரு வருஷமும் ரெண்டு மாசமும் எடுத்திருந்தது. அஞ்சு நாள் கழிச்சு ரெண்டாவது. அதைக் கொஞ்சம் சின்னதாக்கினேன். பத்து மாசம் போச்சு. ரெண்டையும் கூட்டுங்க. ரெண்டு வருஷம் சரியா வருதா? அப்பவே எனக்குத் தெரிஞ்சு போச்சு, கிட்ட வந்துட்டோம்னு.

ரெண்டாவது கலயத்துக்கு எப்படி ஒத்துக்கிட்டாள்னு கேக்கறீங்க. அதுதான் இதுல ஒரு வசதி. கடைசியா நடந்தது முதல்ல போகுமே. கலயம் பிடிச்சதே அவளுக்கு ஞாபகம் இருக்காது. ஒவ்வொரு தடவையும், நீதானே கேட்டேன்னு சொல்லுவேன். நான் கேட்டேனான்னு கேப்பா. ஆமாம்பேன். கட்டின புருஷன் சொன்னா நம்பாம இருப்பாளா? குனிஞ்சுக்குவா.

அம்மா செத்த சேதியைத்தான் ஒவ்வொரு தடவையும் புதுசாச் சொல்ல வேண்டியிருந்தது. நாலு தடவை சொன்னேன். நாலு தடவையும் அழுதா. அழுது முடிச்சு அவ பதில் சொல்ல ஆரம்பிக்கறதுக்குள்ள பொழுது போயிருது. அஞ்சாவது தடவையிலிருந்து, அம்மா நல்லா இருக்காங்கன்னு சொல்ல ஆரம்பிச்சேன். வேலை சுலபமாச்சு.

எங்களுக்கு ஒரு மகள். வெயிலாள். மூட்ட காலத்துலயே ஒரே ஒரு நாள் வெயில் அடிச்சுது, அன்னைக்குப் பிறந்தா, அதனால அந்தப் பேரு. அப்ப அவளுக்குப் பதினாலு முடியப் போகுது. முதல்ல ரெண்டு மூணு கலயம் வரைக்கும் ஒண்ணும் தெரியலை. ராத்திரிக்குள்ள எப்படிடி இவ்வளவு வளர்ந்தேன்னு அவ தலையைத் தடவிக் கேட்டா, அவ்வளவுதான். ஆறாவது கலயத்துக்கு அப்புறம் சிக்கலாயிருச்சு. வெயிலாளைப் பார்த்துக்கிட்டே, வெயிலாள் எங்கே, பள்ளிக்கூடம் விட்டாச்சே, இன்னும் காணோமேங்கறா. வெயிலாள், நான்தாம்மாங்குது. அவ முதல்ல சிரிச்சா. விளையாட்டுன்னு நினைச்சா. இது மறுபடி மறுபடி சொல்லவும் பயந்துட்டா. என் பிள்ளையை என்ன பண்ணினீங்கன்னு கேட்டு வாசலுக்கும் கொல்லைக்கும் ஓடறா.

அவ தேடினது எட்டு வயசுப் பிள்ளையை. எதிர்ல நிக்கறது பதினாலு வயசு. என்ன பண்ணச் சொல்றீங்க?

வெயிலாளைக் கூப்பிட்டு விவரமா எடுத்துச் சொன்னேன். இனிமே நான்தான்னு சொல்லாதே, பக்கத்து வீட்டுப் பொண்ணுன்னு சொல்லு, அம்மாவுக்கும் நிம்மதி, எனக்கும் கேள்வி கேக்கச் சௌகரியம்னேன்.  வெயிலாள் உள்ள போய், நான் பக்கத்து வீடு, உங்க பொண்ணு அத்தை வீட்டுக்குப் போயிருக்கு, வந்துரும்னு சொன்னா. நல்லாத்தான் சொன்னா. செவந்தி அவ கையைப் பிடிச்சுக்கிட்டு, அது ஆறு விரக்கடைச் சடைதான் இருக்கும், பிரிஞ்சுருச்சுன்னா அதுக்குப் பின்னிக்கத் தெரியாது, நீ அங்க போனா பின்னி விடறியான்னு கேட்டா. சரின்னுச்சு.

அன்னைக்குச் சாயங்காலம் வெயிலாள் என்கிட்ட வந்து, போதும்ப்பா, நிறுத்திருங்கன்னா. அழல்லாம் இல்லை. நான் சொன்னேன், ஒரு தடவை சரியா வந்தாப் போதாதும்மா, முப்பது வயசுல எடுக்கற அதே கலயம் இருபது வயசுலயும் அதே அளவு எடுக்குதான்னு பார்க்கணும், இல்லைன்னா சடையன் கேலி பண்ணுவான்னு. மறுநாள் காலையில நான் எழுந்திருக்கறதுக்குள்ள, நிறைச்சு வச்சிருந்த பதினோரு கலயத்தையும் பாறையில போட்டு உடைச்சிருந்தா. பெத்த மகள்ங்க. அதுக்கு நான் கை நீட்டலை. எழுதிக்குங்க, கை நீட்டலை. புதுசாப் பதினோரு கலயம் வாங்கினேன், கலய அறைக்குப் பூட்டுப் போட்டேன். அவ்வளவுதான்.

அப்புறம் எல்லாம் நூல் பிடிச்ச மாதிரி போச்சு. ஒரு முடிச்சு வெளுக்கற அளவு மூட்டம், ஒரு வருஷம். நடுவுல போன அஞ்சு நாளை மட்டும் கழிச்சுக்கணும். ஏழு, எட்டு, ஒன்பது. அவ தேடற பிள்ளை சின்னதாகிக்கிட்டே வந்துச்சு. பல்லு விழுந்த பிள்ளையைத் தேடினா. அப்புறம், மழலை பேசற பிள்ளையைத் தேடினா. கிணத்துக்குள்ள எட்டிப் பார்த்தா. பன்னெண்டாவது கலயத்துக்கு அப்புறம் தூளியைக் காணோம்னா. உத்திரத்துல கயிறு தேய்ஞ்ச தடம் இன்னும் இருந்துச்சு, அதைத் தடவிக்கிட்டே நின்னா. வெயிலாள்தான் சோறு ஊட்டினா. பக்கத்து வீட்டுப் பொண்ணு மாதிரியேதான், பாருங்க, ஒரு தடவைகூடத் தவறலை.

பதினாலாவது கலயம். போர்வையை எடுத்ததும் செவந்தி வயித்தைத் தொட்டுப் பார்த்தா. ரெண்டு கையாலயும் தொட்டா. என்னைப் பார்த்து, எங்க போச்சுன்னு கேட்டா. ஏழு மாசம் ஆச்சே, நேத்துக்கூட உதைச்சுதே, எங்க போச்சுங்க. இதைத்தான் கேட்டா, அஞ்சு நாளும். குறிப்பேட்டுல அந்தப் பக்கத்தை நீங்க பார்க்கணும். பதினாலு கலயம், பதினாலு வருஷம், ஒரு மாசம்கூடப் பிசகலை. அந்தப் பக்கத்தை நானே திருப்பித் திருப்பிப் படிச்சேன், சந்தோஷத்துல.

பதினஞ்சாவதுல தேடறது நின்னுபோச்சு. பாருங்க, இதைத்தான் யாரும் சொல்ல மாட்டேங்கறாங்க. தேட ஆளே இல்லாமப் போனதும் வீடே அமைதியாயிருச்சு. புதுப் பொண்ணா ஆயிட்டா செவந்தி. கல்யாணமாகி இன்னும் ஒரு வருஷம்கூட ஆகலை, அவளைப் பொறுத்தவரைக்கும். எனக்கும் கொஞ்சம் ஆசையாத்தான் இருந்துச்சு, மறைப்பானேன். அந்த நாள்ல எப்பவும் சிரிச்ச முகமா இருப்பா, என் ஞாபகத்துல. ஆனா ஐயா, அவ சிரிக்கலை. நான் உள்ள வந்தாச் சுவரோரமாப் போயிருவா. வெளியில போனா அடுப்படியில உட்கார்ந்து சத்தமில்லாம அழுவா. நான் அந்தப் பழைய நாள்ல காலையில போனாப் பொழுது சாய்ஞ்சுதானே வருவேன். இப்ப வீட்டோட இருந்ததுனாலதான் பார்த்தேன். பதினாறு வருஷத்துக்கு முன்னாடியும் இப்படித்தான் இருந்தாளான்னு ஒரு நிமிஷம் தோணுச்சு. மூட்டத்தோட கோளாறா இருக்கும்னு விட்டுட்டேன்.

ஒருநாள் மத்தியானம் தின்பண்டம் ஏதோ கொடுக்கப் போன வெயிலாளைக் கையைப் பிடிச்சு உட்கார வச்சா. நான் கதவுக்கு இந்தப் பக்கம் இருந்தேன்.

"தங்கச்சி, மேலத் தூம்பூர் உனக்குத் தெரியுமா? எங்கம்மா அங்க இருக்கு. ஒரே ஒரு சேதி சொல்லிரு. செவந்தி உன்னை வந்து கூட்டிட்டுப் போகச் சொன்னாள்னு."

வெயிலாள், "சரிக்கா. இன்னைக்கே போறேன்"னா.

போகத்தான் செஞ்சா. செத்தவங்ககிட்ட என்ன சேதி சொல்றது? அவ போனது கோட்டைக்கு. ரெண்டு நாள் நடை, தனியா, மூட்ட காலத்துல, மூட்டம் விலகற நேரமாப் பார்த்து. எனக்கு அது தெரியாது. கோவிச்சுக்கிட்டு என் அக்கா வீட்டுக்குப் போயிருக்கும்னு நினைச்சேன். இங்க வேலையும் முடியற நேரம். பதினஞ்சோட நிறுத்தியிருக்கலாமேன்னு கேக்கறாங்க. பதினாறா இருந்தாத்தான் நாலு நாலாப் பிரிச்சு, கால், அரைக்கால் வரைக்கும் சரிபார்க்கலாம். பதினஞ்சை வச்சு என்ன பண்றது? ஆனா இந்தத் தடவை, நீதானே கேட்டேன்னு சொன்னா நம்பலை. நான் கேட்கவே இல்லைன்னா. எழுந்து ஓடப் பார்த்தா. அதனால போர்வையை நான் கொஞ்சம் அழுத்திப் பிடிக்க வேண்டியதாப் போச்சு. நாலு மூச்சுதான்.

எடுத்துப் பார்த்தா, என்னைத் தெரியலை. முன்ன பின்ன பார்க்காத வீட்டுல, நரை தட்டின ஒரு ஆம்பளை பக்கத்துல உட்கார்ந்திருந்தா ஒரு பொண்ணு என்ன செய்யும்? கத்தினா. ஊரே கேட்கற மாதிரி கத்தினா. பூட்டி வச்சேன். வேற என்ன செய்ய?

மறுநாள் மத்தியானம் அளவைத் தலைவி வந்துட்டாங்க. உமையாள்னு பேரு. கோட்டையில அவங்க சொல்லுக்கு மறுசொல் கிடையாது. கூட வெயிலாள், பாதம் எல்லாம் வெடிச்சு. அந்தம்மா முதல்ல பூட்டைத் திறக்கச் சொன்னாங்க. உள்ள போய் ரொம்ப நேரம் கழிச்சு வந்தாங்க. அப்புறம் என் குறிப்பேட்டை நின்னுக்கிட்டே படிச்சாங்க, முதல் பக்கத்திலிருந்து கடைசி வரைக்கும். அளவு சரியா இருக்குங்களான்னு நான் கேட்டேன்.

"சரியாத்தான் இருக்கு. அதுதான் கொடுமை"ன்னாங்க. "இதை இப்பவே அடுப்புல போடணும் போல இருக்கு. போட்டா, இன்னொருத்தன் இன்னொருத்தியை உட்கார வைப்பான்."

அளவை ஏத்துக்கிட்டாங்க. பேரு வைக்கிற நேரம் வந்ததும் நான் முன்னால வந்து நின்னேன். அந்தம்மா என்னைப் பார்க்கவே இல்லை. வெயிலாள் பக்கம் திரும்பி, என்ன பேரு வைக்கலாம்னு கேட்டாங்க. பதினாலு வயசுப் பிள்ளைகிட்ட. அது அம்மா பேரைச் சொல்லுச்சு. அவ்வளவுதான், முத்திரை குத்தியாச்சு. பாறை விளிம்புல நின்னவன் நான். நூல் கட்டினவன் நான். எழுதினவன் நான். அவ சும்மா உட்கார்ந்திருந்ததுதானே? மூச்சு இழுத்ததுதானே?

என்னை இந்தச் சாவடிக்குப் போட்டாங்க. இருக்கற வரைக்கும் நூலைப் பார்த்து அளவைச் சொல்லிக்கிட்டே இருக்கணும்னு உத்தரவு. திறமை உள்ளவனைக் கண்டாப் பொறாமை, வேற என்ன.

கிளம்பறதுக்கு முன்னாடி, மகளாச்சேன்னு ஒரு நல்லது செய்யப் பார்த்தேன். ஒரே ஒரு கலயம் நிறைச்சு எடுத்துட்டுப் போய், இந்தா, சரியா ஒரு வருஷம்தான் போகும், இந்த மூட்ட காலமே உன் மனசுல இருக்காது, நிம்மதியா இருப்பேன்னேன்.

"வேண்டாம்"னா. "எங்கம்மாவுக்கு எதுவும் ஞாபகம் இல்லை. எனக்காவது இருக்கணும்."

 அம்மாவை மூட்டமே இல்லாத சமவெளிக்குக் கூட்டிட்டுப் போயிட்டா. மகள்னு சொன்னா அவ மிரண்டுபோறா, அதனால தங்கச்சி முறைதான். அக்கா அக்கான்னுதான் கூப்பிடறாளாம். மூட்டத்துல மாட்டிக்கிட்டதுல கொஞ்ச வருஷம் போயிருச்சுன்னு மட்டும் சொல்லி வச்சிருக்காங்களாம்.

நானா? நான் ஒருநாளும் கலயம் பிடிச்சதில்லைங்க. எனக்கு மறக்கறதுக்கு என்ன இருக்கு?

போன வருஷம் ரெண்டு பேரும் இந்த வழியா வந்தாங்க. மேலத் தூம்பூர்ல அவ அம்மாவைப் புதைச்ச இடத்தைப் பார்க்கப் போறாங்களாம். இப்ப நீங்க உட்கார்ந்திருக்கீங்களே, அதே பலகையிலதான் உட்கார்ந்தாங்க. வெயிலாள் என்னைப் பார்த்ததும் அடையாளம் கண்டுக்கிட்டா. அப்படியே முகத்தைத் திருப்பிக்கிட்டா. செவந்திக்குத் தெரியலை. தாடியும் நரையுமா இருக்கேனே. தவிர, என்னை அவ ஒரே ஒரு நாள்தானே பார்த்திருக்கா. அவளுக்கும் காதோரம் நரைச்சிருக்கு. ஆனா பேச்சும் நடையும் சின்னப் பொண்ணு மாதிரி. அளவு என்னங்கன்னு கேட்டா. கால் செவந்தி, வெயில் ஏறினதும் போயிரும்னேன். அட, என் பேருன்னு சிரிச்சா. அப்படி ஒரு சிரிப்பு. எதுக்குங்க அந்தப் பேரு வச்சாங்கன்னு கேட்டா.

வெயிலாள் திரும்பி என்னைப் பார்த்தா. நான், கோட்டையில வச்சதும்மா, எனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிட்டேன்.

மூட்டம் விலகினதும் எழுந்தாங்க. வாசல் வரைக்கும் போன செவந்தி நின்னு, தங்கச்சிகிட்ட, பாவம்டி, அவருக்கு வீட்டுல யாரும் இல்ல போலிருக்குன்னா. மெதுவாத்தான் சொன்னா, எனக்குக் கேட்டுச்சு. மடியில இருந்த பொட்டலத்தைப் பிரிச்சு, அவிச்ச கிழங்கு ரெண்டை எடுத்து என் கையில வச்சா. சாப்பிடுங்க ஐயான்னா. வெயிலாள் அவ கையைப் பிடிச்சு வேகமா இழுத்துட்டுப் போயிட்டா.

உட்கார்ந்து சாப்பிட்டேன். உப்பு கம்மிங்க. பதினாறு வருஷமும் அவ கையில உப்பு கம்மிதான். எத்தனை தட்டைத் தூக்கி எறிஞ்சிருப்பேன், திருந்தலை. அன்னைக்கும் கூப்பிட்டுச் சொல்லணும்னு வாய் வரைக்கும் வந்துச்சு. அதுக்குள்ள ரெண்டு பேரும் வளைவு தாண்டிப் போயிட்டாங்க.